நோட்டீஸில் போட்ட தேதி

நடக்காத நாடகத்தைப் பற்றிப் படம் எடுத்தவள் என்று தூத்துக்குடியில் தெக்லாவுக்கு ஒரு பெயர் இருந்தது. முகத்துக்கு நேரே யாரும் சொல்வதில்லை. மீன் விற்கிற அம்மாள் மட்டும், "என்னம்மா, ஒங்க நாடகம் நடந்துருச்சா?" என்று கேட்டுவிட்டுத் தராசில் ஒரு மீனைக் கூடப் போடுவாள். அது கேலியா இரக்கமா என்று தெக்லா ஆராயப் போனதில்லை. கூடப் போட்ட மீனைத் திருப்பிக் கொடுப்பவளும் அல்ல அவள்.

படம் மொத்தமே இருபத்திரண்டு நிமிடம். துறைமுகச் சாலையில் இடிந்து விழக் காத்திருக்கும் ஒரு சங்கக் கூடம். வரிசையாகக் காலி நாற்காலிகள். மூன்று வயதானவர்கள் மேடையின் விளிம்பில் உட்கார்ந்து, நாற்பது வருஷத்துக்கு முன்னால் இங்கே 'கரை விளக்கு' என்று ஒரு நாடகம் போட்டோம், பார்க்க ஒரு ஈ காக்கை வரவில்லை என்கிறார்கள். அவ்வளவுதான் படம். பார்த்தவர்கள் நன்றாக இருக்கிறது என்றுதான் சொன்னார்கள். ஆனால் முதல் காட்சியிலிருந்து கடைசி வரைக்கும் வலது மூலையில் 'கதை' என்று ஒரு மஞ்சள் வில்லை ஒட்டிக்கொண்டிருந்தது. மூவரில் ஒருவரான இஞ்ஞாசி மாமா கண்ணைத் துடைக்கிற இடத்தில் அது சரியாக அவர் காதின்மேல் போய் உட்காரும். அந்த இடம் வரும்போதெல்லாம் தெக்லாவுக்குப் பற்றிக்கொண்டு வரும்.

வில்லையைக் குற்றம் சொல்லவும் முடியாது. யார் முகத்தையும் யார் குரலையும் எடுத்து, உட்கார்ந்த இடத்திலிருந்தே யார் வேண்டுமானாலும் படம் செய்துவிடலாம் என்று ஆன பிறகு நாடு பட்ட பாடு கொஞ்சமில்லை. செத்துப்போன தலைவர்கள் ஓட்டுக் கேட்டார்கள். போகாத ஊரில் செய்யாத களவுக்கு ஆட்கள் உள்ளே போனார்கள். கடைசியில் சட்டம் வந்தது. எந்தப் படமும் பிறக்கும்போது கதைதான். உண்மை என்று சொல்லிக்கொள்ள ஆசைப்பட்டால் கண்சான்று வாங்க வேண்டும். நேரில் பார்த்தவனைக் கூட்டிக்கொண்டு போய் மிஷின் முன்னால் உட்கார வைக்க வேண்டும். ஆக, படத்துக்கும் பத்திரத்துக்கும் இருந்த மவுசு போய், மறுபடியும் மனிதனுடைய ஞாபகத்துக்கு மவுசு வந்தது.

தெக்லாவுக்கு வில்லை போனால் மட்டும் போதாது. கண்சான்று கிடைத்த படத்தைக் காட்டி முடிந்துபோன வழக்கைத் திறக்கலாம் என்று அதே சட்டத்தில் ஒரு வரி இருந்தது. அந்த ஒரு வரிக்காகத்தான் அவள் படமே எடுத்தாள்.

வழக்கு அவளுடைய அப்பா கயித்தானுடையது. நாடகம் நடந்ததாகச் சொல்லப்படும் அன்று ராத்திரி, ஊரில் பஞ்சு மூட்டைகள் அடுக்கி வைத்திருந்த ஒரு கிட்டங்கி எரிந்தது. உள்ளே படுத்திருந்த காவல்காரர் மாடசாமி வெளியே வரவில்லை. அந்தக் கிட்டங்கி வேலையை விட்டு நிறுத்தப்பட்டு, ஒரு வாரத்துக்கு முன்னால்தான் முதலாளியோடு வாசலில் நின்று சண்டை போட்டவர் கயித்தான். பிடித்துக்கொண்டு போனார்கள். அந்த நேரத்தில் நான் மேடையில் இருந்தேன் என்றார் அவர். தீயினால் அந்தப் பக்கம் முழுக்கக் கரண்ட் போய்விட்டதால் நாடகம் பார்க்க ஆள் வரவில்லை. கூட நடித்தவர்கள்தான் சாட்சி. "கேட்ட கேள்விக்கு நேராகப் பதில் சொல்லாத சாட்சிகள்" என்று நீதிபதி எழுதி, ஏழு வருஷம் போட்டார். தெக்லாவுக்குப் பத்து வயதாகும்போது வெளியே வந்த கயித்தான், இரண்டு வருஷம் கட்டிலில் இருமிவிட்டுப் போய்ச் சேர்ந்தார். கொலைகாரன் மகள் என்ற பெயரோடு பள்ளிக்கூடம் படித்து, அதே பெயரோடு கல்யாணம் தட்டிப்போய், நாற்பதை நெருங்கிக்கொண்டிருந்தாள் தெக்லா. நடக்காத நாடகம் எடுத்தவள் என்ற பெயர் அவளுக்கு எவ்வளவோ பரவாயில்லை.

படத்தை முதல்முறை ஒரு பள்ளிக்கூட ஹாலில் போட்டபோது, கடைசி வரிசையிலிருந்து ஒரு பெண் எழுந்து கேட்டாள்.

"நாடகம் நெசமாவே நடந்துச்சா? அத மட்டும் சொல்லு."

காவல்காரர் மாடசாமியின் மகள், சந்தனமாரி. தெக்லாவைவிட ஏழெட்டு வயது மூத்தவள்.

"நடந்துச்சுக்கா" என்றாள் தெக்லா.

"நீ பாத்தியா?"

சந்தனமாரி திரையின் மூலையிலிருந்த வில்லையை ஒருமுறை பார்த்துவிட்டுப் பையை எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

கண்சான்று அலுவலகம் பாளையங்கோட்டையில், ஒரு பல் ஆஸ்பத்திரிக்கு மேல் மாடியில் இருந்தது. தொழில்நுட்ப அதிகாரி தில்லைநாயகம் கோபமே வராத மனிதர். மூன்று கிழடுகளுக்கும் டீ வரவழைத்துக் கொடுத்துவிட்டு மிஷினைக் காட்டினார். தலையில் மாட்டுகிற ஒரு பட்டை, காதுக்கு ஒரு கருவி, மூன்று விளக்கு.

"நான் ஒரு வாக்கியம் போடுவேன். அத நீங்க அந்த இடத்துலயே இருந்து கண்ணால பார்த்துக் காதால கேட்டிருந்தா பச்சை எரியும். பிறத்தியார் சொல்லித் தெரிஞ்சிருந்தா மஞ்சள். தெரியவே தெரியாதுன்னா வெள்ளை. நேர்ல பார்க்கும்போது கண்ணு, காது, மூக்கு எல்லாம் சேர்ந்து பதியும். கேள்விப்பட்டது அப்படிப் பதியாது. அவ்வளவுதான் இதுல விஷயம்."

"எனக்கு இப்ப சாப்புட்டதே மறந்துபோவுது சார்" என்றார் தொம்மை. நாடகத்தில் போலீஸ்காரராக வந்தவர்.

"மறக்கிறது வேற, அழியறது வேற. சாவி தொலஞ்சா பெட்டியில இருக்கறது போயிருமா? இது சாவி இல்லாமலே பெட்டிய ஆட்டிப் பார்க்கிற மிஷின்." தில்லைநாயகம் தெக்லாவின் பக்கம் திரும்பினார். "ஆனா நாடகம்னா ஒரு சிக்கல் இருக்கும்மா. ஒத்திகையிலயும் இதே ஆளுங்க, இதே வசனம். ஒத்திகைய மட்டும் பார்த்திருந்தாலும் பச்சை எரிஞ்சிரும்."

"அதுக்கு எங்ககிட்ட வழி இருக்கு" என்றார் இஞ்ஞாசி. நாடகத்தை எழுதியவர் அவர்தான். "கடைசி வசனத்த நாங்க ஒத்திகையில பேச மாட்டோம் சார். பேசுனா நாடகம் மேடை ஏறாதுன்னு எங்க குழுவுல ஒரு நெனப்பு. அந்த எடம் வந்தா 'சுபம்'னு சொல்லிட்டு எந்திரிச்சிருவோம். மேடையில அன்னைக்கு நடிக்கவன் வாயில என்ன வருதோ அதான் வசனம். 'கரை விளக்கு'ல கடைசி வசனம் கயித்தானுக்கு. கப்பலுக்கு வெளக்குக் காட்டுற வெளிச்சவீட்டுக் காவக்காரன் வேசம்."

தில்லைநாயகம் நிமிர்ந்து உட்கார்ந்தார். "அப்ப நாடகத்தன்னைக்கு அங்க இருந்தவங்க மட்டுந்தான் அதக் கேட்டிருக்க முடியும்."

"அதேதான்."

"என்ன வசனம்?"

"ஒங்கள்ட்ட தனியா சொல்லுதேன். பிள்ளைக்குத் தெரியாது."

அது உண்மை. தெக்லா படத்துக்காக எத்தனையோ முறை கேட்டும் மூன்று பேரும் பிடி கொடுக்கவில்லை. சின்ன வயதில் அப்பாவிடமே கேட்டிருக்கிறாள். "மேடை ஏறுனாத் தெரியும்" என்று சொல்லிவிட்டுச் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். நாடகக்காரர்களுடைய பிடிவாதம் என்று அவளும் விட்டுவிட்டாள்.

பத்து வாக்கியங்கள் தயாராயின. பாதி அந்த நாடகத்து வசனம், மீதி தில்லைநாயகம் சும்மா கட்டியது, நடுவில் எங்கோ அந்தக் கடைசி வசனம். மூன்று பேரையும் தனித்தனியாக உட்கார வைத்தார். கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்ற தெக்லாவுக்குச் சத்தம் கேட்காது, விளக்கு தெரியும். தொம்மைக்குப் பச்சை. வெளிச்சவீட்டுக் காவல்காரனின் மனைவியாக நடித்த அகத்தாவுக்குப் பச்சை. இஞ்ஞாசிக்கும் பச்சை. அந்தக் கடைசி வசனத்துக்கும் மூன்று பேருக்குமே பச்சை என்று தில்லைநாயகம் கட்டைவிரலைத் தூக்கிக் காட்டினார். தெக்லா சுவரில் சாய்ந்துகொண்டாள். அழுகை வரும் என்று நினைத்தாள், வந்தது பசி.

"இன்னும் ஒண்ணே ஒண்ணு" என்று வெளியே வந்தார் தில்லைநாயகம். "நாப்பது வருஷமா பேசிப் பேசி, இவங்களுக்குக் கேட்டதே பார்த்த மாதிரி ஆயிருச்சுன்னு கோர்ட்டுல யாராவது கெளப்புவாங்க. அதனால ஒப்பிட்டுப் பார்க்க ஒரு ஆள் வேணும். இந்த நாடகத்தப் பத்தி நெறையக் கேட்டிருக்கணும், ஆனா பார்த்திருக்கவே முடியாத ஆள். அவருக்கு எங்கயும் பச்சை எரியலன்னா மிஷின் சரியா இருக்குன்னு அர்த்தம்."

"நான் இருக்கேனே சார். தீப்பிடிச்சப்ப நான் எங்கம்மா வயித்துல இருந்தேன்."

"இதவிட நல்ல ஆள் எங்க கெடைக்கும்!"

இஞ்ஞாசியின் டீ கிளாஸ் வாய்க்குப் போகாமல் பாதியில் நின்றது. "பிள்ள எதுக்கு சார்? காலையிலேருந்து ஒண்ணும் சாப்புடல. வேற யாரையாச்சும் வச்சுப் பாக்கலாம்லா?"

"வலிக்காது பெரியவரே."

மாமாவுக்குத் தன்மேல் எப்போதும் ஒரு கரிசனம் என்று தெக்லா நினைத்துக்கொண்டாள். பட்டையை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தாள்.

முதல் சில வாக்கியங்கள் தெரிந்தவைதான். அகத்தா அத்தை சொல்லிச் சொல்லி அவளுக்கே மனப்பாடம். மஞ்சள். பிறகு வந்த இரண்டு கேள்விப்படாதவை. வெள்ளை. அதற்கு அடுத்து, தில்லைநாயகத்தின் ஏற்ற இறக்கமில்லாத குரலில் ஒன்று வந்தது.

"அழாத மக்கா, வெளக்கு அணையல."

பெட்ரோமாக்ஸ் வாடை அடித்தது. அறையில் ஏது பெட்ரோமாக்ஸ் என்று யோசிப்பதற்குள் போய்விட்டது. விளக்கை அவள் பார்க்கவில்லை, தில்லைநாயகத்தின் முகத்தைத்தான் பார்த்தாள். அந்த முகமே போதுமானதாக இருந்தது.

வரிசையை மாற்றி மறுபடி போட்டார். அதே வாக்கியத்துக்குப் பச்சை. மிஷினை அணைத்து, ஆற வைத்து, மூன்றாவது முறை போட்டார். பச்சை.

"இந்த வசனத்த ஒங்ககிட்ட யாராவது சொல்லியிருக்காங்களா?"

"இல்ல சார்."

"சொல்லியிருந்தாலும் மஞ்சள்தான எரியணும்." அவர் பட்டையைக் கழற்றி, கொசுவைப் பார்ப்பதுபோல் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "மத்தியானத்துல வோல்டேஜ் கொஞ்சம் ஏறி எறங்கும். பழுதுன்னு வச்சுக்குவோம். இத நான் சேர்த்துக்கல. நாளைக்கு வேற யாரையாவது ஒப்பிட்டுப் பார்க்கக் கூட்டிட்டு வாங்க, முடிச்சுருவோம்."

நல்ல மனிதர். வாயைத் திறக்காமல் இருந்தாலே போதும் என்ற நிலைமையை அவளுக்கு உண்டாக்கிக் கொடுத்துவிட்டு, கையெழுத்துப் போட ஏதோ கோப்பைத் தேடிக்கொண்டு போனார்.

தொம்மையும் அகத்தாவும் பேரப்பிள்ளைகளுக்கு அல்வா வாங்கப் போயிருந்தார்கள். இஞ்ஞாசி மட்டும் கீழே, பல் ஆஸ்பத்திரி வாசல் பெஞ்சில், கன்னம் வீங்கியவர்களுக்கு நடுவில் உட்கார்ந்திருந்தார். தெக்லா பக்கத்தில் போய் உட்கார்ந்தாள்.

"எனக்கும் பச்சை எரிஞ்சிச்சு மாமா."

அவர் தலையை மட்டும் ஆட்டினார்.

"நான் அங்க இருந்திருக்கேன்."

"ஒங்கம்மா மடியில தூங்கிக்கிட்டு இருந்த. ரெண்டரை வயசு. பெட்ரோமாக்ஸ் திடீர்னு பொசுக்குனு மங்குச்சு, நீ கண்ணத் தொறந்து ஓன்னு அழுதுட்ட. இவன் மேடையில நின்னுகிட்டு, வேசத்த மறந்து, ஒன்னப் பாத்து அப்படிச் சொன்னான். சொல்லிட்டு முழிக்கான். நான்தான் தெரைய இழுத்து வுட்டேன். அதவிட நல்ல வசனம் நான் எழுதிருப்பேனா?"

அப்பா பேசிய கடைசி வசனம் தனக்குப் பேசியது. தெக்லாவுக்குச் சந்தோஷம் பொங்கிக்கொண்டு வந்தது. அடுத்த நொடியே, எதற்குச் சந்தோஷப்படுகிறோம் என்று உறைத்தது.

"அப்ப தீப்பிடிச்ச அன்னைக்கு?"

"அன்னைக்கு வேசம் கட்டிட்டு ஒக்காந்திருந்தோம் பிள்ள. கயித்தான் வரல. கரண்டும் போச்சு. ஆளும் வரல. கலைஞ்சு வீட்டுக்குப் போயிட்டோம். மறுநா அவனப் புடிச்சிட்டாவ. மேடையில இருந்தேன்னு அவனாச் சொல்லிட்டான். சொன்னது சொன்னதுதான, நாங்க என்ன செய்ய? ஜாமீன்ல இருந்தான், கேஸு மூணு வருசம் இழுத்துச்சு. எங்களச் சாட்சிக்குக் கூப்பிட்டாவ. ஆண்டவர் பேரால சத்தியம் பண்ணணும். நடக்காத நாடகத்த நடந்துச்சுன்னு எப்படிச் சொல்ல? அகத்தா மாட்டவே மாட்டேன்னுட்டா. அதான், சாட்சி சொல்லப் போறதுக்கு முந்தின ஞாயித்துக்கெழம, பூசை முடிஞ்சு, கூடத்துக் கதவச் சாத்திட்டு நாடகத்தப் போட்டுட்டோம். முழுசா. ஒரு வசனம் வுடல. ஒங்கம்மாவும் நீயுந்தான் ஆடியன்ஸ்."

தெக்லாவுக்குச் சிரிப்பு வந்தது. நிறுத்த முடியவில்லை. கன்னம் வீங்கிய ஒருவர் திரும்பிப் பார்த்தார்.

"தேதி கேட்டிருப்பாங்களே மாமா?"

"கேட்டான் அரசு வக்கீல். நாடகம் எந்தத் தேதின்னான். நோட்டீஸ்ல என்ன தேதி போட்டிருந்துச்சோ அதான் எங்க நாடகத் தேதின்னேன். அன்னைக்கு ராத்திரி பாத்தியான்னான். நாடகத்தப் பாத்தேன், கயித்தான் நடிச்சான், நான்தான் தெரைய இழுத்தேன்னு சொன்னேன். மூணு பேரும் அப்படியே சொன்னோம். ஒரு வார்த்த பொய்யில்ல."

"நேராப் பதில் சொல்லாத சாட்சிகள்னு எழுதியிருக்காரு நீதிபதி."

"தெரியும்." இஞ்ஞாசி வேட்டி நுனியால் மூக்கைத் துடைத்தார். "நேரா நின்னு ஒரு பொய்யச் சொல்லியிருந்தா அவனத் தப்பிக்க வச்சிருக்கலாம். எங்க ஆத்துமாவக் காப்பாத்திக்கிட்டோம், அவன உள்ள அனுப்பிட்டோம். இந்த மிஷின் வந்தப்ப, தேதி கேக்காத மிஷின்னு தெரிஞ்சப்ப, ஆண்டவராப் பாத்து அனுப்புனதுன்னு நெனச்சேன்."

"அப்பா அன்னைக்கு எங்கதான் இருந்தாரு?"

"கேக்கல."

"அவரு சாகுற வரைக்கும் ஒருதரம்கூடவா?"

"கேட்டா சொல்லியிருப்பான். சொன்னா எங்களுக்குத் தெரிஞ்சுபோவும். தெரிஞ்சிட்டா அப்புறம் எப்படிச் சத்தியம் பண்ண? அப்புறம் அவன் செயிலுக்குப் போயிட்டான். வந்தப்ப கேக்க மனசு வரல." அவர் அவள் முகத்தைப் பார்க்காமலே சொன்னார். "வேற ஆள வச்சு முடிக்கச் சொல்லுதாரு அந்த சார். முடிச்சிரு பிள்ள. ஒங்கப்பன் பேருக்காவது ஒரு நல்லது நடக்கட்டும்."

தெக்லா எழுந்து மாடிப்படி ஏறினாள். பாதியில் நின்றாள். இவர்கள் மேல் வந்த கோபத்துக்கு அளவில்லை. பொய் சொல்லவும் துணிவில்லை, உண்மையைக் கேட்கவும் துணிவில்லை. இப்போது தன்னையும் அதே பெஞ்சில் உட்காரச் சொல்கிறார்கள். கேட்டதற்கு மட்டும் பதில் சொல், கேட்காததற்கு வாயை மூடு. ஒரு பத்து நிமிஷ வேலைதான். வழக்கு திறக்கும். கயித்தான் பெயர் சுத்தமாகும். பிறகு வாழ்நாளெல்லாம், சந்தனமாரி எதிரே வந்தால், தெருவின் அந்தப் பக்கமாகப் போக வேண்டும்.

தில்லைநாயகம் கோப்போடு உட்கார்ந்திருந்தார். "வாங்க. நாளைக்கு யாரக் கூட்டிட்டு வர்றீங்க?"

"மிஷின்ல பழுது இல்ல சார்" என்றாள் தெக்லா. "நாடகம் நடந்தப்ப எனக்கு ரெண்டரை வயசு."

அவர் பேனாவை மூடி வைத்தார். "அவங்க பொய் சொல்லலம்மா" என்றார், அவளைச் சமாதானப்படுத்துவதுபோல. "நான் தேதியே கேக்கல. மிஷினுக்குக் காலண்டர் தெரியாதுன்னு முதல்லயே சொல்லியிருக்கணும்." பிறகு அலுவலகக் குரலுக்கு மாறினார். "ஒங்க படத்துல எங்கயாவது தேதி வருதா?"

"இல்ல சார். நாடகம் நடந்துச்சுன்னு மட்டுந்தான் வருது."

"அப்ப நாடகம் நடந்தது உண்மை. படத்துக்குச் சான்று குடுத்தாகணும். ஆனா நீங்க இப்ப சொன்னதையும் சேர்த்துத்தான் எழுதுவேன். வழக்குக்கு இது ஒதவாது."

மஞ்சள் வில்லை அந்த வாரமே போய்விட்டது. இஞ்ஞாசி மாமாவின் காது முழுசாகத் தெரிந்தது. படத்தில் எல்லாமே உண்மை என்று அரசாங்கமே ஒப்புக்கொண்டதில், கயித்தான் மட்டும் இன்னும் கொஞ்சம் தனியாகப் போய் நின்றார்.

சந்தனமாரி சந்து ஒன்றில் தையல் கடை வைத்திருந்தாள். தெக்லா போனபோது பள்ளிக்கூடச் சீருடைக்குப் பை வைத்துத் தைத்துக்கொண்டிருந்தாள். நிமிராமலே கேட்டாள்.

"வில்லையத் தூக்கிட்டாவளாம்லா. நாடகம் நடந்துச்சாக்கும்?"

"நடந்துச்சுக்கா. அன்னைக்கு இல்ல."

தையல் மிஷின் நின்றது. தெக்லா இஞ்ஞாசி சொன்னதை ஒன்றுவிடாமல் சொன்னாள், அந்தக் கடைசி வசனத்தைத் தவிர. தீயில் அப்பாவைப் பறிகொடுத்தவளிடம் விளக்கு அணையவில்லை என்று சொல்ல அவளுக்கு வாய் வரவில்லை. அது தனக்கென்று சொல்லப்பட்டது, தன்னிடமே இருக்கட்டும் என்ற ஆசையும் இருந்தது.

"அப்ப ஒங்கப்பா அன்னைக்கு எங்க இருந்தாரு?"

"தெரியாதுக்கா. யாருமே அவருகிட்ட கேக்கல."

"நான் கேட்டேனே" என்றாள் சந்தனமாரி.

தெக்லா அவளைப் பார்த்தாள்.

"கோர்ட்டு வராந்தாவுல. எனக்குப் பத்து வயசு. எங்கம்மா தண்ணி குடிக்கப் போயிருந்தா. அவரு பெஞ்சில தனியா ஒக்காந்திருந்தாரு. நேரப் போயி, எங்கப்பாவ நீயா கொன்னன்னு கேட்டேன். கேக்கும்போதே அழுக வந்துட்டு."

"என்ன சொன்னாரு?"

சந்தனமாரி ஊசியிலிருந்து அறுந்திருந்த நூலை எடுத்து, நாக்கில் நனைத்து, மறுபடி கோத்தாள்.

"'அழாத மக்கா'ன்னாரு. வேற ஒண்ணும் சொல்லல."